செம்மண் ஊரின் ஓவியர்

நியூயார்க் நகரில் ஐக்கிய நாடுகள் சபையின் தலைமையகம் இருக்கிறது. பொதுச்சபை மண்டபத்திற்குள் நுழையும் பேராளர்கள் இரண்டு மாபெரும் ஓவியங்களைக் கடந்துதான் செல்ல வேண்டும். ஒவ்வோர் ஓவியமும் ஏறத்தாழ 14 மீட்டர் உயரமும் 10 மீட்டர் அகலமும் கொண்டது. ஒன்றின் பெயர் ‘போர்’. மற்றொன்றின் பெயர் ‘அமைதி’. உலக நாடுகளின் கூட்டத்திற்குப் பிரேசில் நாடு வழங்கிய அன்பளிப்பு அவை.

1957ஆம் ஆண்டு செப்டம்பர் 6ஆம் நாள் அவ்வோவியங்களை ஒப்படைக்கும் விழா நடைபெற்றது. பல நாட்டுப் பிரதிநிதிகள் அதில் கலந்துகொண்டனர். ஆனால், அவற்றைத் தீட்டியவர் மட்டும் அங்கே இல்லை.  அவரது அரசியல் சார்பு காரணமாக அமெரிக்காவிற்குள் நுழையும் வாய்ப்பு அவருக்குக் கிட்டவில்லை. அவ்வோவியங்களுக்காகத் தம் உடல்நலத்தையே பணயம் வைத்த அந்த மனிதரின் பெயர் காண்டிடோ போர்ட்டினாரி.

போர்ட்டினாரி 1903ஆம் ஆண்டு டிசம்பர் மாத இறுதியில் பிறந்தார். பிரேசிலின் சாவ் பாவ்லோ மாநிலத்தில் புரோடோவ்ஸ்கி என்னும் சிற்றூர் உள்ளது. அதனை அடுத்திருந்த ஒரு காப்பித் தோட்டமே அவர் பிறந்த இடம். அவருடைய பெற்றோர் இத்தாலியிலிருந்து பிழைப்புத் தேடிப் பிரேசிலுக்கு வந்து குடியேறியவர்கள். அக்காலத்தில் பிரேசிலின் காப்பித் தோட்டங்களுக்கு ஏராளமான தொழிலாளர்கள் தேவைப்பட்டனர். அடிமை முறை 1888இல் ஒழிக்கப்பட்ட பின்னர், இத்தாலி போன்ற நாடுகளிலிருந்து குடும்பம் குடும்பமாக மக்கள் அங்கே சென்றனர். அவர்களுள் ஒன்றுதான் போர்ட்டினாரியின் குடும்பமும். பன்னிரண்டு பிள்ளைகள் பிறந்த அக்குடும்பத்தில் அவர் இரண்டாம் பிள்ளை.

புரோடோவ்ஸ்கியின் மண் செக்கச் செவேலென்று இருக்கும். காப்பி செழித்து வளர்வதற்கு ஏற்ற மண் அது. அந்தச் செம்மண் தரையில்தான் சிறுவன் காண்டிடோ ஓடியாடி விளையாடினான், நண்பர்களுடன் பந்து உதைத்தான், பட்டம் விட்டான். தொழிலாளர்கள் காப்பி மூட்டைகளைத் தலையிலும் தோளிலும் சுமந்து செல்வதை அன்றாடம் பார்த்தான். காலணி அணியாமல் வெடித்துப் போயிருந்த அவர்களுடைய பாதங்களும், காய்த்துப் போயிருந்த கைகளும் அவன் மனத்தில் ஆழமாகப் பதிந்தன. பிரேசிலின் வடகிழக்குப் பகுதியில் மழை பொய்த்துக் கடும் வறட்சி ஏற்படும்போதெல்லாம் மக்கள் ஊரைவிட்டு வெளியேறுவது வழக்கம். அப்படி வெளியேறிய ஏழைக் குடும்பங்கள் தகரப் பெட்டிகளையும் துணி மூட்டைகளையும் சுமந்துகொண்டு அவ்வூர் வழியாகச் சென்றன. பசியால் வாடிய அவர்களின் முகங்களையும் சிறுவன் மறக்கவில்லை.

விளையும் பயிர் முளையிலேயே தெரியும் என்பார்கள். ஊர்த் தேவாலயத்தை அழகுபடுத்த ஓவியர்கள் சிலர் வந்தபோது, காண்டிடோ அவர்களுடனேயே திரிந்து சின்னஞ்சிறு வேலைகளில் உதவினான். வண்ணத்தையும் தூரிகையையும் அவன் நெருக்கமாகப் பார்த்தது அங்கேதான். பத்து வயதில், சிகரெட் பெட்டி ஒன்றில் இருந்த படத்தைப் பார்த்து, கார்லோஸ் கோமெஸ் என்னும் பிரேசில் இசையமைப்பாளரின் உருவத்தை வரைந்தான். இன்றுவரை பாதுகாக்கப்பட்டு வரும் அவனது தொடக்கக்கால ஓவியம் அதுவே.

குடும்ப வறுமையின் காரணமாக, தொடக்கக் கல்வியோடு அவனது பள்ளிப் படிப்பு நின்றுபோனது. ஆயினும், ஓவியம் கற்க வேண்டும் என்ற வேட்கை மட்டும் தணியவில்லை. பதினைந்து வயதில், அப்போது நாட்டின் தலைநகராக இருந்த ரியோ டி ஜெனிரோவுக்கு அவன் புறப்பட்டான். கையில் போதிய பணமில்லை. பெரிய மனிதர்களின் சிபாரிசும் இல்லை. எளிய விடுதி ஒன்றில் தங்கிக்கொண்டு, தேசிய நுண்கலைப் பள்ளியில் ஓவியம் பயின்றான்.

அப்பள்ளியில் ஐரோப்பிய முறையிலான ஓவியக்கலையே கற்பிக்கப்பட்டது. மனித உருவத்தை அளவு பிசகாமல் வரைவது, ஒளியையும் நிழலையும் சரியாகக் காட்டுவது ஆகியவற்றில் போர்ட்டினாரி தேர்ச்சி பெற்றார். செல்வந்தர்களும் எழுத்தாளர்களும் தங்களுடைய உருவப் படங்களை அவரிடம் வரையச் சொன்னார்கள். 1928ஆம் ஆண்டு, ஒலெகாரியோ மரியானோ என்னும் கவிஞரின் உருவத்தை வரைந்ததற்காக, ஐரோப்பாவிற்குச் சென்று கலை பயிலும் பரிசு அவருக்குக் கிடைத்தது. அக்கால ஓவியர்கள் பெரிதும் விரும்பிய பரிசு அது.

1929இல் அவர் பாரிஸ் நகரை அடைந்தார். இத்தாலி, இங்கிலாந்து, ஸ்பெயின் ஆகிய நாடுகளுக்கும் சென்றார். அருங்காட்சியகங்களில் மணிக்கணக்கில் நின்று பழைய மேதைகளின் ஓவியங்களைக் கூர்ந்து நோக்கினார். பரிசு பெற்றுச் சென்ற மாணவர் ஓவியங்களை வரைந்து குவிப்பார் என்றே எல்லாரும் எதிர்பார்த்தனர். ஆனால், அவர் திரும்பி வரும்போது கொண்டு வந்த ஓவியங்கள் மிகச் சிலவே. ‘ஊதாரித்தனமாகக் காலத்தைக் கழித்துவிட்டார்’ என்று நினைக்கத் தோன்றும். உண்மையில், அவருடைய வாழ்வின் மிகப் பெரிய முடிவு அங்கேதான் எடுக்கப்பட்டது.

பாரிஸில் இருந்தபோது அவர் எழுதிய மடல் ஒன்று அம்முடிவை நமக்குத் தெரிவிக்கிறது. ஊரைவிட்டுத் தொலைதூரம் வந்த பிறகுதான் தம் ஊர் தமக்குத் தெளிவாகத் தெரிகிறது என்று அவர் அதில் உணர்த்தியிருந்தார். கிழிந்த உடையணிந்த ஊர்க்காரர் ஒருவரை நினைவுகூர்ந்து, நாடு திரும்பியதும் அவரைப் போன்ற மனிதர்களையும் தம் மண்ணையுமே வரையப் போவதாகக் குறிப்பிட்டிருந்தார். பாரிஸில் அவர் மரியா என்னும் உருகுவே நாட்டுப் பெண்ணை மணந்துகொண்டார். 1931ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இருவரும் பிரேசில் வந்து சேர்ந்தனர்.

நாடு திரும்பிய போர்ட்டினாரி சொன்னதைச் செய்யத் தொடங்கினார். அவரது ஓவியங்களில் புரோடோவ்ஸ்கியின் செம்மண் பரந்து விரிந்தது. அகன்ற வானம், வெட்டவெளி, எளிய வீடுகள், விளையாடும் சிறுவர்கள் ஆகியவை மீண்டும் மீண்டும் இடம்பெற்றன. 1935இல் அவர் தீட்டிய ‘காப்பி’ என்னும் ஓவியத்தில் தோட்டத் தொழிலாளர்கள் மூட்டைகளைச் சுமந்து செல்கிறார்கள். அவர்களுடைய கைகளும் கால்களும் இயல்பைவிடப் பெரிதாக இருக்கும். மரம் வேரூன்றி நிற்பதைப்போல் அப்பாதங்கள் மண்ணில் ஊன்றி நிற்கும். ஓவியப் பள்ளியில் அளவு பிசகாமல் வரையக் கற்றவர் வேண்டுமென்றே அளவை மாற்றி வரைந்தார். ஒரு நாட்டின் செல்வத்தைத் தாங்கி நிற்பவை அந்தக் கைகளும் கால்களுமே என்பதை அவர் காட்ட விரும்பினார். அமெரிக்காவின் பிட்ஸ்பர்க் நகரில் நடைபெற்ற அனைத்துலகக் கண்காட்சியில் அவ்வோவியம் சிறப்புப் பாராட்டைப் பெற்றது. போர்ட்டினாரியின் பெயர் கடல் கடந்து பரவத் தொடங்கியது.

அதன்பின், ரியோ டி ஜெனிரோவில் எழும்பிய கல்வி அமைச்சின் புதிய கட்டடத்திற்குச் சுவரோவியங்கள் தீட்டும் பொறுப்பு அவரிடம் ஒப்படைக்கப்பட்டது. நாட்டின் பொருளாதார வரலாற்றைக் கூறும் அவ்வோவியங்களில் மன்னர்களோ தளபதிகளோ இல்லை. கரும்பு வெட்டுபவர், பொன் அரிப்பவர், பருத்தி பறிப்பவர், காப்பி சுமப்பவர் எனப் பாடுபடும் மக்களே அவற்றில் உள்ளனர். இரப்பர் பால் எடுக்கும் தொழிலாளர்களையும் அங்கே காணலாம். நம் வட்டாரத்துத் தோட்டங்களில் வளர்ந்த இரப்பர் மரத்தின் தாயகமும் பிரேசிலின் அமேசான் காடுகளே ஆகும்.

போர்ட்டினாரியின் புகழ் வளர்ந்தது. 1940இல் நியூயார்க் நவீனக் கலை அருங்காட்சியகம் அவருடைய படைப்புகளைக் காட்சிக்கு வைத்தது. அடுத்து, அமெரிக்காவின் தலைநகரான வாஷிங்டனில் உள்ள நாடாளுமன்ற நூலகத்தில் நான்கு சுவரோவியங்களை அவர் தீட்டினார். ஆயினும், புகழின் உச்சிக்குச் சென்றபோதும் அவர் தம் சிற்றூரை மறக்கவில்லை. அதற்குச் சான்றாக ஒரு நிகழ்வைக் கூறலாம்.

புரோடோவ்ஸ்கியில் வாழ்ந்த அவருடைய பாட்டி இறைப்பற்று மிக்கவர். முதுமையாலும் நோயாலும் தளர்ந்த அவரால் தேவாலயத்திற்கு நடந்து செல்ல இயலவில்லை. வழிபாட்டிற்குச் செல்ல முடியவில்லையே என்று அவர் ஏங்கினார். 1941ஆம் ஆண்டு, போர்ட்டினாரி தம் குடும்ப வீட்டிலேயே பாட்டிக்காக ஒரு சிறிய வழிபாட்டு அறையை உருவாக்கினார். அதன் சுவர்களில் புனிதர்களின் உருவங்களை ஆளுயரத்திற்குத் தீட்டினார். அப்புனிதர்களுக்கு எங்கோ இருக்கும் அறிமுகமற்ற முகங்களை அவர் கொடுக்கவில்லை. தம் குடும்பத்தாரின் முகங்களையும் நண்பர்களின் முகங்களையும் கொடுத்தார். தேவாலயத்திற்குச் செல்ல முடியாத பாட்டியிடம் தேவாலயமே வந்து சேர்ந்தது. இன்று ‘பாட்டியின் வழிபாட்டு அறை’ என்றே அது அழைக்கப்படுகிறது.

சமய ஓவியங்களைப் பற்றிய அவரது எண்ணத்தை அந்தச் சிற்றறை நமக்குப் புலப்படுத்துகிறது. புனிதம் என்பது எளிய மக்களின் முகங்களிலும் குடிகொண்டிருக்கிறது என்று அவர் கருதினார். ஆனால், எல்லாரும் அதனை எளிதில் ஏற்றுக்கொள்ளவில்லை. பெலோ ஒரிசோந்தே நகரின் பம்புல்யா பகுதியில், ஏரிக்கரையில் ஒரு புதிய தேவாலயம் கட்டப்பட்டது. ஆஸ்கார் நியேமேயர் என்னும் கட்டடக் கலைஞர் அதனை அலைகளைப் போன்ற வளைவான கூரையுடன் வடிவமைத்தார். புனித பிரான்சிஸுக்கு உரிய அத்தேவாலயத்திற்கு ஓவியம் தீட்டுமாறு போர்ட்டினாரி கேட்டுக்கொள்ளப்பட்டார்.

தேவாலயத்தின் வெளிச்சுவரில் நீல வண்ண ஓடுகளால் புனித பிரான்சிஸின் வாழ்க்கையை அவர் சித்திரித்தார். உள்ளே, பலிபீடத்திற்குப் பின்னால் உள்ள சுவரில் அப்புனிதரை மெலிந்த ஏழை மனிதராகத் தீட்டினார். புனித பிரான்சிஸின் கதையில் ஓநாய் ஒன்று வரும். போர்ட்டினாரியோ அதற்குப் பதிலாக ஒரு நாயை வரைந்தார். சிலுவையை நோக்கிய இயேசுவின் துன்பப் பயணத்தைப் பதினான்கு சிறிய ஓவியங்களில் காட்டினார். இவற்றைக் கண்ட சமயத் தலைவர்கள் முகம் சுளித்தனர். கட்டடத்தின் வடிவமும் ஓவியங்களின் போக்கும் தேவாலயத்திற்குப் பொருந்தா என்று கூறி, அதனை வழிபாட்டிற்காகப் புனிதப்படுத்த மறுத்தனர். கட்டி முடிக்கப்பட்ட தேவாலயம் பல்லாண்டுகள் வழிபாடின்றிக் கிடந்தது. 1959ஆம் ஆண்டில்தான் அது முறைப்படி ஏற்றுக்கொள்ளப்பட்டது. எந்தத் தேவாலயம் ஒதுக்கி வைக்கப்பட்டதோ, அது அமைந்துள்ள பம்புல்யா வளாகம் 2016இல் யுனெஸ்கோவின் உலக மரபுடைமைப் பட்டியலில் இடம்பெற்றது.

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1944ஆம் ஆண்டில், சிறுவயதில் கண்ட வறட்சிக் காட்சிகள் மீண்டும் அவர் கண்முன் எழுந்தன. ‘இடம்பெயர்வோர்’, ‘இறந்த குழந்தை’ ஆகிய ஓவியங்களை அவர் படைத்தார். ‘இடம்பெயர்வோர்’ ஓவியத்தில் எலும்பும் தோலுமான ஒரு குடும்பம் நம்மை நோக்கி நிற்கிறது. வறண்ட நிலத்தில் எலும்புகள் சிதறிக் கிடக்கின்றன. வானில் கரிய பறவைகள் வட்டமிடுகின்றன. ‘இறந்த குழந்தை’ ஓவியத்தில் உயிரற்ற குழந்தையைச் சுற்றி நின்று குடும்பத்தார் கதறுகின்றனர். அவர்களின் கண்களிலிருந்து கற்களைப் போன்ற கண்ணீர்த் துளிகள் உதிர்கின்றன. முன்பு அவர் தீட்டிய செம்மண் நிலம் உழைப்பைக் காட்டியது. இந்த வறண்ட நிலமோ நாட்டில் நிலவிய அநீதியைக் காட்டியது.

ஏழைகளின் துயரை ஓவியத்தில் காட்டினால் மட்டும் போதாது என்று போர்ட்டினாரி எண்ணினார். ஆகவே, பொதுவுடைமைக் கட்சியில் சேர்ந்தார். 1945இலும் 1947இலும் அதன் வேட்பாளராகத் தேர்தலில் நின்று தோல்வியுற்றார். பின்னர், அக்கட்சிக்கு அரசு தடை விதித்தது. நெருக்கடி மிகுந்த அக்காலத்தில் அவர் தம் குடும்பத்துடன் மனைவியின் தாய்நாடான உருகுவேயில் சிறிது காலம் தங்கினார். இந்த அரசியல் ஈடுபாடே பின்னாளில் அமெரிக்காவின் கதவை அவருக்கு அடைத்தது.

1952ஆம் ஆண்டு, ஐக்கிய நாடுகள் சபைக்கு வழங்குவதற்காகப் போரையும் அமைதியையும் பற்றி இரு பெரும் ஓவியங்கள் தீட்டும் பணி அவருக்கு வந்தது. அதற்காக அவர் ஏறத்தாழ 180 முன்வரைவுகளைத் தயாரித்தார். ஆனால், பணி முழு வீச்சில் தொடங்குவதற்கு முன்பே பேரிடி ஒன்று விழுந்தது. 1954இல் அவர் நோய்வாய்ப்பட்டார். அவருடைய உடலில் ஈய நஞ்சு பரவியிருப்பதை மருத்துவர்கள் கண்டறிந்தனர்.

அக்கால எண்ணெய் வண்ணங்கள் சிலவற்றில் ஈயம் கலந்திருந்தது. வெள்ளை, மஞ்சள் போன்ற வண்ணங்களில் அது மிகுதி. வண்ணத்தைக் குழைக்கும்போதும் தீட்டும்போதும் அது சிறிது சிறிதாக உடலுக்குள் சென்று தங்கிவிடும். பல்லாண்டுகளாக இரவு பகல் பாராமல் ஓவியம் தீட்டியவரின் உடலை, அவர் நேசித்த வண்ணங்களே அரித்துவிட்டன. எண்ணெய் வண்ணங்களை இனித் தொடவே கூடாது என்று மருத்துவர்கள் கண்டிப்பாகக் கூறினர்.

போர்ட்டினாரியின் முன் இரண்டு வழிகள் இருந்தன. தூரிகையைக் கீழே வைத்துவிட்டு உடலைக் காத்துக்கொள்வது ஒன்று. உடலைப் பொருட்படுத்தாமல் தொடங்கிய பணியை முடிப்பது மற்றொன்று. அவர் இரண்டாம் வழியையே தேர்ந்தெடுத்தார். பெரிய கொட்டகை ஒன்றில் ஓவியப் பலகைகள் அடுக்கப்பட்டன. அவர் உதவியாளர்களுடன் ஏணிகளிலும் சாரங்களிலும் ஏறி நின்று, மாதக்கணக்கில் உழைத்தார். இரு ஓவியங்களையும் சேர்த்தால் ஏறத்தாழ 280 சதுர மீட்டர் பரப்பு வரும். அப்பரப்பு முழுவதும் எண்ணெய் வண்ணமே. 1956ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பணி நிறைவுற்றது.

‘போர்’ ஓவியத்தில் துப்பாக்கிகள் இல்லை, பீரங்கிகள் இல்லை, படைவீரர்களும் இல்லை. நீலம் படர்ந்த இருளில் தாய்மார்கள் இறந்த பிள்ளைகளை மடியில் கிடத்தி அழுகிறார்கள். கைகளை வானை நோக்கி உயர்த்துகிறார்கள். இறந்த இயேசுவை மடியில் தாங்கிய அன்னை மரியாளின் உருவத்தை அவர்கள் நினைவூட்டுகிறார்கள். யார் வென்றார், யார் தோற்றார் என்பதை அவ்வோவியம் கூறவில்லை. போரில் மிஞ்சுவது தாயின் கண்ணீரே என்பதை மட்டும் அது கூறுகிறது.

‘அமைதி’ ஓவியமோ பொன்னிறத்தில் ஒளிர்கிறது. அதில் சிறுவர்கள் குட்டிக்கரணம் போடுகிறார்கள்; பிள்ளைகள் கூட்டமாக நின்று பாடுகிறார்கள்; பெண்கள் ஆடுகிறார்கள்; உழைப்பவர்கள் விளைச்சலைச் சேர்க்கிறார்கள். உலக அமைதியை வரைய வேண்டிய வேளையில், போர்ட்டினாரி வேறெங்கும் தேடவில்லை. புரோடோவ்ஸ்கியின் செம்மண் திடலில் தாம் விளையாடிய நாள்களையே உலகத்தின் முன் வைத்தார். பிள்ளைகள் அச்சமின்றி விளையாடும் இடமே அமைதி நிலவும் இடம் என்பது அவர் கண்ட உண்மை.

அவ்வோவியங்கள் நியூயார்க் சென்றன, அவர் செல்லவில்லை. தம் வாழ்நாளின் மிகப் பெரிய படைப்பு உரிய இடத்தில் வைக்கப்பட்டதை அவர் நேரில் காண இயலவில்லை. எனினும், அவர் தூரிகையைக் கைவிடவில்லை. மருத்துவர்களின் எச்சரிக்கையையும் மீறித் தொடர்ந்து தீட்டினார். 1960இல் பேத்தி பிறந்தபோது, அக்குழந்தையின் உருவத்தை ஆசை தீர வரைந்து மகிழ்ந்தார். இத்தாலியின் மிலான் நகரில் பெரியதொரு கண்காட்சி நடத்த அழைப்பு வந்தது. அதற்காக ஓய்வின்றி உழைத்தபோது, ஈய நஞ்சு மீண்டும் அவரைத் தாக்கியது. 1962ஆம் ஆண்டு பிப்ரவரி 6ஆம் நாள், தமது 58ஆம் வயதில் ரியோ டி ஜெனிரோவில் அவர் காலமானார்.

போர்ட்டினாரி ஏறத்தாழ 5,000 படைப்புகளை விட்டுச் சென்றார். அவை பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. 1979ஆம் ஆண்டு, அவருடைய மகன் அவற்றைத் தேடிக் கண்டறிந்து பதிவுசெய்யும் பெரும்பணியைத் தொடங்கினார். புரோடோவ்ஸ்கியில் உள்ள குடும்ப வீடு இன்று அருங்காட்சியகமாகத் திகழ்கிறது. பாட்டிக்காக அவர் தீட்டிய புனிதர்கள் இன்றும் அவ்வீட்டுச் சுவர்களில் நிற்கிறார்கள்.

ஐக்கிய நாடுகள் சபையில் அவ்விரு ஓவியங்களும் ஒரு சிறப்பான முறையில் வைக்கப்பட்டுள்ளன. மண்டபத்திற்குள் நுழைவோரின் கண்களில் முதலில் ‘போர்’ படும். வெளியே வருவோரின் கண்களில் ‘அமைதி’ படும். நாட்டுப் பிரதிநிதிகள் எதை நினைத்துக்கொண்டு உள்ளே செல்ல வேண்டும், எதை எண்ணிக்கொண்டு வெளியே வர வேண்டும் என்பதை அவை சொல்லாமல் சொல்கின்றன. அந்த வாயிலைக் கடக்க இயலாமற்போன காப்பித் தோட்டத்துச் சிறுவனின் செம்மண் திடல், இன்றும் அங்கே வருவோரை எல்லாம் வழியனுப்பி வைக்கிறது.